கார் கொட்டகையில் எழுந்த அரங்கு: ஜமைக்காவின் ட்ரெவர் ரோன்

1965-இல் ஜமைக்காவின் தலைநகரமான கிங்ஸ்டனில் இளைஞர்கள் சிலர் சேர்ந்து ஒரு நாடகக் குழுவைத் தொடங்கினார்கள். குழுவுக்கு வைத்த பெயர் 'தியேட்டர் 77'. இன்னும் பன்னிரண்டு ஆண்டுகளில், அதாவது 1977-க்குள், இந்தத் தீவில் நாடகத்தை மட்டுமே நம்பி ஒருவர் குடும்பம் நடத்த முடியும் என்ற நிலை வந்துவிட வேண்டும். அதுதான் அவர்கள் தங்களுக்கு விதித்துக்கொண்ட கெடு. கையில் பணம் இல்லை, அரங்கமும் இல்லை. குழுவைத் தொடங்கியவர்களில் ஒருவரான இவோன் ப்ரூஸ்டரின் பெற்றோர் வீட்டில் கார் நிறுத்தும் கொட்டகை ஒன்று இருந்தது. அதையே அரங்கமாக மாற்றி, 'த பார்ன்' என்று பெயர் வைத்தார்கள். நெருக்கி உட்கார்ந்தால் நூற்றைம்பது பேர் பார்க்கலாம்.

அந்தக் குழுவின் இன்னொரு தூண் ட்ரெவர் ரோன். அப்போது அவருக்கு இருபத்தைந்து வயது. நடிப்பு படித்துவிட்டு வந்தவர். நாடகம் எழுதத் தொடங்கியது அதற்குப் பிறகு; திரைக்கதை எழுதியதும் படம் இயக்கியதும் இன்னும் பிறகு. ஜமைக்காவுக்கு வெளியே அவரைத் தெரிந்தவர்கள் பெரும்பாலும் 'த ஹார்டர் தே கம்' படத்தின் திரைக்கதையைப் பெர்ரி ஹென்செலுடன் சேர்ந்து எழுதியவர் என்ற அளவில்தான் தெரிந்து வைத்திருக்கிறார்கள். ஜமைக்காவின் ரெகே இசையை உலகெங்கும் கொண்டு சேர்த்த படம் அது. ஆனால் ரோனை அந்த ஒரு படத்தோடு நிறுத்திவிடுவது அவருக்கு நாம் செய்கிற அநியாயம். காசு கொடுத்து டிக்கெட் வாங்கி, தங்கள் பேச்சில் தங்கள் வாழ்க்கையையே மேடையில் பார்க்கிற ஒரு கூட்டத்தை ஒரு சின்னத் தீவில் வளர்த்தெடுத்தவர் அவர். அந்தக் கூட்டத்தை வயிறு குலுங்கச் சிரிக்க வைத்தார். சிரிக்க வைத்துக்கொண்டே, பிழைப்புக்காக யார் முன்னால் என்ன வேஷம் போடுகிறாய் என்ற கேள்வியை நாடகத்துக்கு நாடகம் விடாமல் கேட்டார். என்னைப் பொறுத்தவரை அவருடைய வாழ்க்கைப் பணி முழுவதையும் கோத்து வைத்திருக்கும் இழை இந்தக் கேள்விதான்.

ரோன் 1940 மார்ச் 24 அன்று பிறந்தார். வளர்ந்தது செயின்ட் கேத்தரின் பகுதியில் உள்ள பெல்லாஸ் கேட் என்ற குக்கிராமம். மிகப் பெரிய குடும்பத்தின் கடைக்குட்டி. ஒன்பது வயதில் முதன்முதலாக ஒரு நாடகம் பார்த்ததும் அந்தப் பித்து பிடித்துக்கொண்டது. பிறகு ஸ்பானிஷ் டவுனில் பள்ளிப் படிப்பு. அன்றைய ஜமைக்கா பிரிட்டிஷ் காலனி. வகுப்பறையில் இங்கிலாந்தின் ஆங்கிலம். வாசல் தாண்டினால் பட்வா. ஆங்கிலச் சொற்களும் மேற்கு ஆப்பிரிக்க மொழிகளின் போக்கும் கலந்து, அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட மக்களிடையே உருவான பேச்சு அது. சந்தையிலும் அடுப்பங்கரையிலும் சண்டையிலும் காதலிலும் புழங்கிய அந்தப் பேச்சைப் பள்ளிக்கூடம் கொச்சை என்று ஒதுக்கியது. எந்தப் பேச்சை எந்த இடத்தில் எடுப்பது, யாரைக் கண்டால் எந்தக் குரலுக்கு மாறுவது என்பதை அந்தத் தீவின் குழந்தைகள் நடக்கப் பழகும்போதே பழகிக்கொண்டார்கள். ரோனின் பாத்திரங்கள் ஒரு வாக்கியத்தின் நடுவிலேயே குரலை மாற்றிக்கொள்வதற்கு வேர் இங்கே இருக்கிறது.

ரோன் வருவதற்கு முன் ஜமைக்காவில் நாடகமே இல்லை என்று சொல்லிவிட முடியாது. 1941 முதல் கிங்ஸ்டனில் ஆண்டுதோறும் கிறிஸ்துமஸுக்கு மறுநாள் 'பான்டோமைம்' என்ற இசை நாடகம் அரங்கேறி வந்தது. இங்கிலாந்திலிருந்து வந்த வடிவம் அது. முதல் ஆண்டு போட்டது இங்கிலாந்துக் கதையைத்தான். லூயிஸ் பெனட், ரானி வில்லியம்ஸ் போன்ற கலைஞர்கள் உள்ளே வந்த பிறகு அனான்ஸி என்ற தந்திரக்காரச் சிலந்தியின் நாட்டுப்புறக் கதைகளும் பட்வாப் பேச்சும் மேடை ஏறின, கூட்டம் அலைமோதியது. ரோனும் பான்டோமைமில் நடித்தவர்தான். 1971-இல் 'மியூசிக் பாய்' என்ற பான்டோமைமை எழுதவும் செய்தார். ஆனால் அது ஆண்டுக்கு ஒருமுறை வரும் திருவிழா. ஆடலும் பாடலும் பளபளக்கும் உடையுமாக நடப்பது. அதை நம்பி ஒரு நடிகர் ஆண்டு முழுவதும் வாழ முடியாது. இதைத் தவிர நடந்தவை பெரும்பாலும் படித்த குடும்பத்தினர் ஓய்வு நேரத்தில் போடும் அயல்நாட்டு நாடகங்கள். ஓட்டலில் பரிமாறுகிறவரும் பள்ளிக்கூட வாத்தியாரும் கதைநாயகராக வரும் முழுநீள நாடகம், வாரக்கணக்கில், கட்டணம் வாங்கி ஓடும் என்று அன்று சொல்லியிருந்தால் யாரும் நம்பியிருக்க மாட்டார்கள்.

1960-களின் தொடக்கத்தில் ரோன் இங்கிலாந்தில் உள்ள ரோஸ் ப்ரூஃபோர்ட் நாடகக் கல்லூரியில் படித்தார். லண்டனின் ஓரத்தில் சிட்கப்பில் இருந்தது அந்தக் கல்லூரி. நடிப்பையும் நாடகம் கற்பிப்பதையும் சேர்த்துச் சொல்லிக்கொடுத்த இடம். இவோன் ப்ரூஸ்டரும் அங்கே படித்தவர்தான். படிப்பு முடிந்து ஊர் திரும்பிய ரோன் ஆசிரியர் வேலை பார்த்தார். மனம் ஒட்டவில்லை. மறுபடியும் இங்கிலாந்து போனார். அங்கே கறுப்பின நடிகருக்குக் கிடைத்தது என்ன? வேலைக்காரர், முரடர், பெயரில்லாத பழங்குடி என்று சில்லறை வேடங்கள். ஷேக்ஸ்பியர் வசனத்தைத் திருத்தமாகச் சொல்லப் பழகியவருக்கு ஈட்டியைப் பிடித்துக்கொண்டு பின்னால் நிற்கிற வேலை. ரோன் மூட்டையைக் கட்டிக்கொண்டு திரும்பிவிட்டார்.

திரும்பாமல் அங்கேயே நின்றவர்களின் கதையை அறிந்தால்தான் இந்த முடிவின் கனம் விளங்கும். டிரினிடாடின் எரல் ஜான் நல்ல நடிகர், அதைவிட நல்ல நாடகாசிரியர். 1957-இல் லண்டனின் 'அப்சர்வர்' ஞாயிறு இதழ் நடத்திய நாடகப் போட்டியில் அவருடைய நாடகம் பரிசு பெற்றது; மறு ஆண்டு ராயல் கோர்ட் அரங்கில் மேடையேறியது. டிரினிடாட் குடியிருப்பு முற்றம் ஒன்றில் நடக்கும் அந்த நாடகம் இன்றும் நிகழ்த்தப்படுகிறது. ஆனால் அதன்பின் அவருக்குத் திரையில் கிடைத்தவை பெரும்பாலும் சிறு வேடங்கள். திறமைக்கேற்ற வாய்ப்பு வரவே இல்லை. 1988-இல் லண்டனில் இறந்தார். ரோனைவிட எரல் ஜான் எந்த வகையிலும் குறைந்தவர் அல்ல என்பதை அழுத்திச் சொல்ல வேண்டும். அடுத்த நாடகத்தைக் கேட்டு வாசலில் நிற்கும் சொந்தக் கூட்டம் ஒன்று எரல் ஜானுக்கு அமையவில்லை. ரோன் அதை அமைத்துக்கொண்டார்.

அமைத்துக்கொண்ட விதம்தான் சுவாரஸ்யமானது. பார்ன் அரங்கின் கணக்கைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். நூற்றைம்பது இருக்கைகள். இரண்டு வாரம் ஓடினால் செலவுகூடத் தேறாது. மாதக்கணக்கில் ஓட வேண்டும். அப்படியென்றால் பார்த்தவர்கள் போய் அண்டை அயலாரிடம் சொல்ல வேண்டும். அவர்கள் தங்கள் குடும்பத்தை அழைத்துக்கொண்டு வர வேண்டும். மேடை சின்னது, ஆகவே ஒரே காட்சியமைப்பு. சம்பளம் கொடுக்க வேண்டும். ஆகவே ஐந்தாறு பாத்திரங்களுக்கு மேல் கூடாது. பார்வையாளரின் முழங்கால் மேடையின் விளிம்பைத் தொடுகிறது; ஆகவே கூச்சல் போட்டு நடிக்க முடியாது, பொய்யாக நடித்தால் உடனே தெரிந்துவிடும். ரோனின் நாடகங்களில் நாம் பாராட்டும் இறுக்கமும் பேச்சின் வேகமும் நாலு சுவருக்குள் எல்லாம் நடந்து முடிகிற அமைப்பும் இந்தக் கொட்டகை கற்றுக்கொடுத்தவை என்பது என் கணிப்பு. அதே காலத்தில் டிரினிடாடில் தன் நாடகப் பட்டறையை நடத்திக்கொண்டிருந்த டெரக் வால்காட் கவிதை நாடகத்தின் வழியில் போனார்; பின்னாளில் நோபல் பரிசு பெற்றார். ரோன் தேர்ந்துகொண்டது நகைச்சுவை. இரண்டு பேருமே கரீபிய மேடைக்கு அடித்தளம் போட்டவர்கள். ஆனால் பஸ் ஓட்டுநரையும் தட்டச்சுப் பெண்ணையும் அரங்கத்துக்குள் கொண்டுவந்த கணக்கில் ரோன் முன்னால் நிற்கிறார்.

1971-இல் வந்தது 'ஸ்மைல் ஆரஞ்ச்'. ஜமைக்கா விடுதலை பெற்று ஒன்பது ஆண்டுகள் ஆகியிருந்தன. மான்டேகோ பே, ஓச்சோ ரியோஸ் என்று வடக்குக் கடற்கரை நெடுக ஓட்டல்கள் முளைத்திருந்தன. குளிர்காலத்தில் அமெரிக்கர்கள் வந்து குவிவார்கள். அவர்களுக்குப் பரிமாறுவதும் படுக்கை விரிப்பதும் உள்ளூர்க் கறுப்பின மக்கள். நாடகம் நடப்பது 'மோச்சோ பீச் ஓட்டல்' என்ற மூன்றாந்தர ஓட்டலில். மோச்சோ என்பது நிஜத்தில் கடலையே காணாத ஓர் உள்நாட்டு மலைக்கிராமம். பட்டிக்காடு என்பதற்கு ஜமைக்கர்கள் சொல்லும் உதாரணம் அது. பெயரைக் கேட்டதுமே கிங்ஸ்டன் பார்வையாளர்களுக்குச் சிரிப்பு வந்துவிடும்.

டெலிபோன் பலகையில் உட்கார்ந்திருக்கிறாள் மிஸ் பிராண்டன். விருந்தினர் அழைத்தால் அமெரிக்க நுனிநாக்கு. தோழி அழைத்தால் அடுத்த நொடியே பட்வாவில் ஊர்வம்பு. எந்த அமெரிக்கராவது தன்னை அழைத்துக்கொண்டு போய்விட மாட்டாரா என்பது அவளுடைய கனவு. பரிமாறுபவனான ரிங்கோ பெரிய சூத்திரதாரி. கிராமத்திலிருந்து வேலைக்கு வந்திருக்கும் சிரில் என்ற வெகுளிப் பையனுக்கு அவன் தொழில் கற்றுக்கொடுக்கும் காட்சிதான் நாடகத்தின் உயிர். முள்கரண்டியை எந்தப் பக்கம் வைப்பது என்று தொடங்குகிற பாடம் மெல்ல மெல்ல வேறு இடத்துக்குப் போகிறது. வெள்ளைக்கார விருந்தினரைப் பார்த்து எப்படிச் சிரிப்பது, எப்போது முட்டாள் போல நடிப்பது, எப்போது பரிதாபமாக முகத்தை வைத்துக்கொள்வது, சட்டைப்பையில் இருக்கும் டாலர் தானாக எப்படி வெளியே வரும் என்பதெல்லாம் பாடத்திட்டம். நடிக்கத் தெரியாத கறுப்பன் பட்டினி கிடந்து சாக வேண்டியதுதான் என்பது ரிங்கோ சொல்லித்தரும் தலையாய பாடம். அரங்கம் அதிரச் சிரிக்கும் இடம் இது. அதே வாயில் கசப்பும் தங்கிவிடும். அடிமைத்தனம் சட்டத்தில் ஒழிந்து நூற்றுமுப்பது ஆண்டுகள் ஆன பிறகு, விடுதலை பெற்ற நாட்டில், ஒரு கெட்டிக்காரன் தன் கெட்டிக்காரத்தனம் முழுவதையும் பணிவு காட்டுவதற்குச் செலவழிக்க வேண்டியிருக்கிறது. ஓட்டலின் உயிர்காப்பாளர்களுக்கு நீச்சல் தெரியாது. விருந்தினர் ஒருவர் மூழ்கும்போது அந்த வேடிக்கை முழுவதும் திடீரென்று வேறு நிறம் கொள்கிறது. எல்லாருமே வேஷம் போடுகிற இடத்தில், உயிரைக் காப்பாற்ற வேண்டியவனும் வேஷம்தான் போட்டுக்கொண்டிருந்திருக்கிறான்.

நாடகம் நீண்ட காலம் ஓடியது. இதையே ரோன் திரைப்படமாகவும் எழுதி இயக்கினார். ரிங்கோவாக நடித்தவர் கார்ல் பிராட்ஷா. 1976-இல் வெளிவந்த அந்தப் படம் ஜமைக்காவின் தொடக்ககாலக் கதைப்படங்களில் ஒன்று. படமாக்கத்தில் கரடுமுரடு உண்டு. மேடையின் சாயல் போகவில்லை. ஆனால் பிராட்ஷாவின் முகத்தில் ஒரே நொடியில் வந்துபோகும் இளிப்பும் வெறுப்பும் அந்தக் குறைகளை மறக்கடிக்கும்.

அதற்கு முன்பே, 1972-இல், 'த ஹார்டர் தே கம்' வந்துவிட்டது. இயக்கம் பெர்ரி ஹென்செல். திரைக்கதை ஹென்செலும் ரோனும். கதைக்கு விதையாக இருந்தவன் ரைகிங் என்று அழைக்கப்பட்ட வின்சென்ட் மார்ட்டின். சிறையிலிருந்து தப்பி, போலீஸைச் சுட்டு, கிங்ஸ்டன் ஏழைகள் நடுவில் வீரனாகப் பேசப்பட்டு, 1948-இல் லைம் கே என்ற சிறு தீவில் சுட்டுக் கொல்லப்பட்டவன். படத்தில் இந்த ஆள் எழுபதுகளின் பாடகனாக மாறுகிறான். ஜிம்மி கிளிஃப் நடித்த ஐவன், கிராமத்திலிருந்து பஸ் ஏறி நகரத்துக்கு வருகிறான். அவன் உயிரைக் கொடுத்துப் பாடிய பாட்டுக்கு இசைத்தட்டு முதலாளி நீட்டுவது இருபது டாலர். பணம் கிடைக்கும்போதெல்லாம் எடுத்து, நிறுத்தி, மறுபடி எடுத்து முடித்த படம்.

இதில் ஒரு காட்சி. ஊருக்குப் புதிதாக வந்த ஐவனை ஹோசே என்பவன் ரியால்டோ திரையரங்குக்கு அழைத்துப்போகிறான். திரையில் இத்தாலிய கௌபாய் படம் ஓடுகிறது. எதிரிகள் கூட்டமாக வருகிறார்கள்; நாயகன் தனியாக நிற்கிறான். அரங்கமே கத்துகிறது. கடைசி ரீல் வரைக்கும் நாயகன் சாக மாட்டான் என்று ஹோசே நம்பிக்கையோடு சொல்கிறான். படம் முடியும்போது போலீஸ் துப்பாக்கிகள் முன்னால் தனியாக நிற்கும் ஐவனுக்குள் அந்தத் திரையரங்கக் கூச்சல்தான் கேட்கிறது. எந்த வரி யாருடையது என்று இன்று பிரித்துச் சொல்வது வீண் வேலை. ஆனாலும் திரையில் பார்த்த வேஷத்தை வாழ்க்கையில் போட்டுப் பார்க்கிற இந்த ஐவன், ரிங்கோவின் உடன்பிறப்பு என்றே எனக்குத் தோன்றுகிறது. ரிங்கோ பிழைக்க நடிக்கிறான். ஐவன் பெயர் வாங்க நடிக்கிறான்.

1972 ஜூன் மாதம் கிங்ஸ்டனின் கரிப் திரையரங்கில் படம் முதன்முதலாகக் காட்டப்பட்டபோது உள்ளே இடம் கிடைக்காத கூட்டம் வெளியே முட்டி மோதியது. தங்கள் தெருவையும் தங்கள் பேச்சையும் அவ்வளவு பெரிய திரையில் மக்கள் அதுவரை பார்த்ததில்லை. அமெரிக்காவில் ரோஜர் கோர்மனின் நிறுவனம் படத்தை வெளியிட்டது. பட்வாப் பேச்சுக்கு ஆங்கிலத் துணைத்தலைப்பு போட வேண்டியிருந்தது. உலகம் பாட்டுகளைத் தூக்கிக் கொண்டாடியது. திரைக்கதையை எழுதியவர்களில் ஒருவர் அதற்குப் பிறகும் பார்ன் கொட்டகையில் அடுத்த நாடகத்துக்கான ஒத்திகையைப் பார்த்துக்கொண்டிருந்தார் என்பதில் எனக்கு மிகுந்த மரியாதை உண்டு.

அடுத்து வந்த நாடகங்களில் 'ஸ்கூல்ஸ் அவுட்' முக்கியமானது. தன் ஆசிரியர் அனுபவத்தின் ஆற்றாமையை ரோன் கொட்டித் தீர்த்த இடம். திருச்சபை நடத்தும் பள்ளி ஒன்றின் ஆசிரியர் ஓய்வறைதான் களம். பக்கத்தில் உள்ள கழிப்பறை பழுதாகி நாறுகிறது, சரி செய்வாரில்லை. தலைமை ஆசிரியர் தன் அறைக்குள் பதுங்கிக் கிடக்கிறார். சோம்பேறிகளும் பழமைவாதிகளும் வம்பளப்பவர்களுமாக ஆசிரியர்கள். ரஸ் டேக்கர்ஸ் என்ற புதிய இளைஞர் உற்சாகமாக வந்து பள்ளியைத் திருத்தப் பார்க்கிறார். ஒருவரை ஒருவர் வெறுத்துக்கொண்டிருந்தவர்கள் அவரை விரட்டுவதற்காக ஒன்று சேர்ந்துவிடுகிறார்கள். நாற்றம் அப்படியே இருக்கிறது. காலனிக்காரர் விட்டுப்போன பள்ளிக்கூடத்தைச் சொந்த மக்களே நடத்தத் தொடங்கிய பிறகும் என்ன மாறியது என்று கேட்கிற நாடகம் இது. நெஞ்சில் தைக்கும் கேள்வி. அரங்கில் உட்கார்ந்து சிரித்தவர்களில் ஆசிரியர்களும் கணிசமாக இருந்திருப்பார்கள்.

ரோனின் படைப்புகளில் எதை முதலில் வைப்பீர்கள் என்று கேட்டால் நான் யோசிக்காமல் சொல்வது 'ஓல்ட் ஸ்டோரி டைம்'. 1979-இல் வந்தது. பா பென் என்ற கிழவர் தன் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து பார்வையாளர்களுக்கு நேராகக் கதை சொல்கிறார். சொல்லச் சொல்ல அந்தக் கதை மேடையில் நடக்கிறது. பா பெனும் எழுந்து கதைக்குள் போய்விடுவார், திரும்ப வந்து விட்ட இடத்திலிருந்து சொல்வார். அனான்ஸிக் கதை கேட்டு வளர்ந்த மக்களுக்கு இந்தப் போக்கு பிறவியிலேயே பழக்கமானது. ஐரோப்பிய மேடைப் பயிற்சி பெற்றவர், கிராமத்தில் கேட்ட கதைசொல்லியை அப்படியே எடுத்துத் தன் நாடகத்தின் முதுகெலும்பாக வைத்துக்கொண்டார்.

கதை மிஸ் ஏகி என்ற ஏழைத்தாயையும் அவளுடைய மகன் லென்னையும் பற்றியது. தோலின் கறுப்பு எதற்கும் உதவாது என்று மிஸ் ஏகி மனப்பூர்வமாக நம்புகிறாள். தானும் கறுப்பு, மகனும் கறுப்பு. கறுப்புச் சிறுமி ஒருத்தியோடு விளையாடியதற்காக மகனை அடித்து நொறுக்குகிறாள். பாதிரியாரின் மகள் மார்கரெட், வெளுத்த நிறமும் நீண்ட கூந்தலும் உடையவள். அவளைக் கட்டினால்தான் பிள்ளை கரையேறுவான் என்று அவன் மண்டையில் ஏற்றிக்கொண்டே இருக்கிறாள். பள்ளியில் லென் அந்தப் பெண்ணுக்குக் காதல் கடிதம் கொடுக்கிறான். அதற்காக மார்கரெட்டும் ஜார்ஜ் என்ற வெளுத்த நிறத்துப் பையனும் சேர்ந்து அவனைப் படுத்தும் பாடு பார்க்கச் சகிக்காது. லென் வெளிநாடு போய்ப் பெரிய படிப்பு படித்து வங்கி அதிகாரியாகத் திரும்புகிறான். கூட வரும் மனைவி லோயிஸ் கறுப்பினப் பெண். என் மகனுக்குச் செய்வினை வைத்து மயக்கிவிட்டாள் என்று தாய் முடிவுகட்டுகிறாள். தானே 'ஓபியா' மாந்திரீகத்தை நாடி மருமகள் மேல் ஏவுகிறாள். அதே தாய் தன் சேமிப்பையெல்லாம் நம்பி ஒப்படைப்பது யாரிடம்? வீடு கட்டித் தருகிறேன் என்று சொல்லும் அந்த ஜார்ஜிடம். வெளுத்த தோல் ஏமாற்றாது என்று நம்புகிறாள்.

இந்தத் தாயை ஒரு வில்லியாக எழுதியிருந்தால் வேலை சுலபம். ரோன் அப்படிச் செய்யவில்லை. அவள் அடித்த ஒவ்வோர் அடியும் மகன் தன்னைப் போல் கஷ்டப்படக் கூடாது என்ற அன்பிலிருந்து வந்தது என்பதை நாம் மறக்க முடியாதபடி செய்துவிடுகிறார். முந்நூறு ஆண்டு காலனி ஆட்சியும் அடிமைமுறையும் கற்பித்த பாடத்தை அவள் தாய்ப்பால் போல மகனுக்கு ஊட்டியிருக்கிறாள். உண்மை தெரியவரும்போது, ஏவிய செய்வினை அவள் மேலேயே திரும்புகிறது. பா பென், லென், லோயிஸ் மூவரும் அவளைச் சூழ்ந்து, பாடி, மன்றாடி, அவளை அந்தப் பிடியிலிருந்து மீட்கப் போராடுகிறார்கள். அவள் வெறுத்த மருமகளே அவளைத் தாங்கிப் பிடிக்கிறாள். வெளுப்பு மீதான மோகத்தையும் ஒரு பேய் போலத்தான் ஓட்ட வேண்டும் என்று ரோன் கண்டது மேதைமை.

எழுபதுகளின் இறுதியில் ஜமைக்கா கொதித்துக்கொண்டிருந்தது. பிரதமர் மைக்கேல் மேன்லியின் கட்சிக்கும் எட்வர்ட் சியாகாவின் கட்சிக்கும் இடையிலான போட்டி தெருவில் துப்பாக்கிச் சண்டையாக மாறியிருந்தது. 1980 தேர்தல் ஆண்டில் மட்டும் சுமார் 800 பேர் கொல்லப்பட்டார்கள். வசதி உள்ளவர்கள் கூட்டம் கூட்டமாக மயாமிக்கு விமானம் ஏறினார்கள். அந்தச் சூழலில் எழுதியது 'டூ கேன் ப்ளே'. இரண்டே பாத்திரங்கள்: இருபது ஆண்டுகள் சேர்ந்து வாழ்ந்து சலித்துப்போன ஜிம், குளோரியா தம்பதி. இரவெல்லாம் வெடிச்சத்தம். அமெரிக்காவுக்குத் தப்பிப்போக ஒரு திட்டம் போடுகிறார்கள்: குளோரியா அங்கே போய் விசாவுக்காக ஓர் அமெரிக்கக் குடிமகனைப் பொய்க் கல்யாணம் செய்துகொள்வது. போய்த் திரும்பி வரும் குளோரியா பழைய குளோரியா இல்லை. பொய்யாக ஒரு மனைவி வேஷம் போட்டுப் பார்த்தவளுக்கு, உண்மையான வீட்டில் இத்தனை காலம் தான் போட்டதும் ஒரு வேஷம்தானே என்று உறைக்கிறது. நாட்டைப் பற்றித் தொடங்கிய நாடகம் சமையலறைக்குள் போய் நிற்கிறது. இரண்டே நடிகர்கள் என்பதால் எங்கும் கொண்டுபோகலாம். 1985-இல் நியூயார்க்கின் கறுப்பின நாடகக் குழுவான நீக்ரோ என்செம்பிள் கம்பெனியும் இதை மேடையேற்றியது.

முந்தைய நாடகங்களில் பெண்கள் ஆண்களின் தந்திரத்துக்குப் பொருளாகவே அதிகம் வருகிறார்கள் என்ற குறை எனக்கு உண்டு. ரிங்கோ தன் மனைவியை நடத்துகிற விதம் நகைச்சுவையாகவே கடந்துபோகிறது. குளோரியாவின் வழியாக ரோன் அந்தக் கடனைத் தீர்த்தார் என்று சொல்லலாம். இன்னொரு குறையை எளிதில் தள்ளிவிட முடியாது. ஓட்டல் ஊழியர்களின் திருட்டுத்தனத்தையும் ஆசிரியர்களின் சோம்பலையும் நடுத்தர வர்க்கம் தூர உட்கார்ந்து பார்த்து, 'நம் ஆட்களே இப்படித்தான்' என்று சிரித்துவிட்டுப் போகும் ஆபத்து அந்த நாடகங்களில் இருக்கத்தான் செய்கிறது. எண்பதுகளில் ஜமைக்காவில் 'ரூட்ஸ்' நாடகங்கள் என்று ஓர் அலை எழுந்து பெரும் வசூல் செய்தது. பட்வாப் பேச்சு, பச்சை நகைச்சுவை, ஊர்க்கதை. ரோன் திறந்துவிட்ட வாசல் வழியாக வந்த கூட்டம்தான் அதற்கும் போனது. அதன் எல்லாக் குறைகளுக்கும் அவரைப் பொறுப்பாக்குவது நியாயமில்லை. கட்டணம் கொடுத்துப் பார்க்கும் மக்கள் அரங்கு என்ற ஒன்றை நிலைநாட்டியவர் என்ற வகையில் அதில் அவருக்குப் பங்கே இல்லை என்று சொல்வதும் உண்மையாகாது.

திரைக்கதைப் பணி தொடர்ந்தது. 1988-இல் வந்த கனடியப் படமான 'மில்க் அண்ட் ஹனி', பிள்ளையை ஜமைக்காவில் விட்டுவிட்டு டொரன்டோவில் அடுத்தவர் பிள்ளைகளை வளர்க்கப் போகும் தாயின் கதை. கிளென் சால்ஸ்மனுடன் சேர்ந்து எழுதிய அந்தத் திரைக்கதைக்குக் கனடாவின் ஜீனி விருது கிடைத்தது. 2003-இல் வந்த 'ஒன் லவ்' படம் ரஸ்தஃபாரி என்ற ஜமைக்கச் சமயத்தைச் சேர்ந்த பாடகனும் பெந்தெகொஸ்தே பாதிரியாரின் மகளும் காதலிக்கும் இலகுவான கதை. பார்க்கலாம், ரோனின் ஆழத்தை அதில் தேட வேண்டாம். 1980-இல் நாட்டின் உயர்ந்த விருதுகளில் ஒன்றும், 1988-இல் கலை, இலக்கியப் பணிக்கான மஸ்கிரேவ் தங்கப்பதக்கமும் பெற்றார்.

கடைசிக் காலத்தில் அவர் மேடைக்குக் கொண்டுவந்தது தன்னையே. 'பெல்லாஸ் கேட் பாய்' என்ற ஓராள் நாடகத்தில் கிராமத்துச் சிறுவனாகவும் லண்டனில் வேடம் தேடி அலையும் இளைஞனாகவும் தானே நின்று தன் கதையைச் சொன்னார். இங்கிலாந்து மேடை கொடுக்க மறுத்த முழு நீளப் பாத்திரத்தை அறுபது வயதைத் தாண்டிய பிறகு தனக்குத்தானே எழுதிக்கொண்டார். 2008-இல் அது அவருடைய குரல்பதிவுடன் நூலாக வந்தது. 2009 செப்டம்பர் 15 அன்று மாரடைப்பால் காலமானார். வயது 69.

'ஓல்ட் ஸ்டோரி டைம்' கரீபியன் தேர்வு வாரியத்தின் பள்ளி இறுதித் தேர்வுக்கு ஆங்கில இலக்கியப் பாடமாக வைக்கப்பட்டது. எந்தப் பேச்சை ரோனின் காலத்துப் பள்ளிக்கூடம் ஒதுக்கி வைத்ததோ, அதில் எழுதிய வசனங்களை மேற்கோள் காட்டி மிஸ் ஏகி ஏன் அப்படி ஆனாள் என்று பல தீவுகளின் மாணவர்கள் விடை எழுதினார்கள். நாடகங்கள் நூலாகக் கிடைக்கின்றன. ரோனைப் புதிதாகப் படிக்க விரும்புகிறவர்கள் இந்த நாடகத்திலிருந்து தொடங்கலாம். பிறகு 'ஸ்மைல் ஆரஞ்ச்'. பட்வா வசனம் முதலில் கண்ணுக்குக் கரடுமுரடாகத் தெரியும். வாய்விட்டுப் படித்தால் இரண்டு பக்கத்துக்குள் காது பழகிவிடும். எங்கே சிரிக்க வேண்டும் என்பதும் எங்கே சிரிப்பு நின்றுபோகும் என்பதும் தானாகவே தெரிந்துவிடும்.